காட்டிக்கொடுக்கும் காது

வோல்க்மார் டீலெக்கே தொலைக்காட்சியில் எத்தனை முறை செத்தார் என்பது அவருக்கே மறந்துவிட்டது. ஆற்றில் மிதந்திருக்கிறார், படிக்கட்டில் உருண்டிருக்கிறார், ஒரு தடவை முட்டைக்கோஸ் வயலில் நாள் முழுக்க மழையில் கிடந்திருக்கிறார். மூக்கில் ஈ உட்கார்ந்தாலும் இமை ஆடாது. மார்பு ஏறி இறங்காமல் அடிவயிற்றால் மூச்சு விடுவார். லைப்சிக் பக்கம் படம் எடுக்க வருகிறவர்களுக்குப் பிணம் வேண்டுமென்றால் முதல் போன் அவருக்குத்தான்.

இளமையில் ராஜா வேடம் கட்டியவர்தான். சின்ன ஊர் நாடக அரங்கு ஒன்றில் சம்பளத்துக்கு நடித்தார். அங்கே உடை தைத்துக்கொண்டிருந்த ஸீக்ரூனைக் கட்டிக்கொண்டார். கிழக்கும் மேற்கும் சேர்ந்து ஜெர்மனி ஒரே நாடான பிறகு அந்த அரங்கை இழுத்து மூடிவிட்டார்கள். யானை படுத்தாலும் குதிரை மட்டம் என்பார்கள். இவர் படுத்தது படுத்ததுதான், பிணமாகவே பிழைப்பு ஓடியது. ஸீக்ரூன் மட்டும் ஒவ்வொரு படத்தையும் பார்த்துவிட்டு, "இன்னிக்கு ரொம்ப நல்லா செத்தே" என்பாள். நான்கு வருஷத்துக்கு முன் அவள் நிஜமாகவே போய்விட்டாள். பிள்ளைகள் இல்லை.

அதற்குப் பிறகு அவருக்கு மிஞ்சிய மனித வாடை, தெருமுனையில் இர்ம்ட்ராவுட்டின் மதுக்கடையில் ஞாயிற்றுக்கிழமை மேசை ஒன்றுதான். ஞாயிறு இரவு எட்டேகாலுக்கு அங்கே தொலைக்காட்சியில் குற்றப் படம் ஓடும். படம் பாதியைத் தாண்டும்போது ஒவ்வொருவரும் கொலைகாரனின் பெயரைப் பீர் கோப்பைக்கு அடியில் வைக்கும் அட்டையின் பின்பக்கம் எழுதிக் கவிழ்த்து வைக்க வேண்டும். சரியாக எழுதியவருக்கு அன்று பீர் இலவசம்.

இதில்தான் வம்பு. வோல்க்மார் நடித்த படமென்றால் முடிவு அவருக்குத் தெரியும். வாயைத் திறக்க மாட்டார், பாவம். ஆனால் எதையாவது மறைத்தால் காது தக்காளியாகச் சிவந்துவிடும். ஒருமுறை கொலைகாரி திரையில் தலைகாட்டியதும் இவர் காது சிவக்க, மேசை மொத்தமும் அவள் பெயரையே எழுதி, இர்ம்ட்ராவுட் எல்லாருக்கும் சும்மா ஊற்ற நேர்ந்தது. அன்றிலிருந்து அவர் படம் வரும் ஞாயிறுகளில் அவருக்குக் கடையில் இடமில்லை. ஊரே அவரைப் பார்க்கும் நேரத்தில் அவர் மட்டும் தன் சமையலறையில் தன்னந்தனியாக உட்கார்ந்திருப்பார். இது என்ன நியாயமோ, எனக்குப் புரியவில்லை.

போன குளிர்காலத்தில் அவருக்கு முதல்முறையாகப் பெரிய வேடம் கிடைத்தது. பிணமில்லை, கொலைகாரன். படம் வருகிற ஞாயிறன்று எட்டு மணிக்கு அவர் கடைக்குள் நுழைந்தார்.

"ஏய் பொணம், இன்னிக்கு உன் படமாச்சே! வீட்டுக்குப் போ," என்றார் டெட்லெஃப். டிராம் ஓட்டி ஓய்வு பெற்றவர். மணியடித்துப் பழகிய தொண்டை.

"இந்த ஒரு தடவை இருந்துட்டுப் போறேன்ப்பா."

"காதை வீட்ல கழட்டி வச்சிட்டு வந்தியா? அப்ப இரு."

வோல்க்மாருக்குக் கெஞ்சிப் பழக்கமில்லை. "இதைத் தனியா பாக்க முடியலை, டெட்லெஃப்," என்றார்.

இர்ம்ட்ராவுட் கொக்கியில் தொங்கிய தன் கம்பளித் துண்டை எடுத்து வந்து, அவர் தலையைச் சுற்றிக் காதை மூடி, தாடைக்குக் கீழே முடிச்சுப் போட்டாள்.

"பல்வலிக்காரன் மாதிரியே இருக்கே. உக்காரு. அப்புறம் எவனாவது துண்டை அவுத்தீங்க, உருளைக்கிழங்கு சாலட் கிடையாது."

திரையை எவன் பார்த்தான்? எல்லாரும் அவர் முகத்தையே பார்த்தார்கள். வோல்க்மார் தன் வித்தையைக் காட்டினார்: அடிவயிற்று மூச்சு, ஆடாத இமை. திரையில் அவர் மனைவியை இழந்த மருந்துக்கடைக்காரர். அவளுக்குச் சரியாக வைத்தியம் பார்க்காத டாக்டர்தான் செத்துக் கிடந்தவர்.

"இன்னுமா நீ சாகலை?" என்றார் டெட்லெஃப், கடிகாரத்தைப் பார்த்து. எல்லாரும் எழுதினார்கள். அவர் பெயரை ஒருவரும் எழுதவில்லை.

கடைசியில் போலீஸ்காரி மருந்துக்கடைக்காரரின் சமையலறைக்கு வந்தாள். அவர் அலமாரியிலிருந்து இரண்டு தட்டை எடுத்து மேசையில் வைத்தார். இன்னொன்று யாருக்கு என்று அவள் கேட்டாள்.

"எடுக்கும்போது தெரிய மாட்டேங்குது," என்றார் திரையில் இருந்தவர். "கழுவும்போதுதான் தெரியுது, ஒண்ணு அழுக்கே ஆகலைன்னு."

பிறகு கொலையை ஒப்புக்கொண்டார்.

"அட பாவி, நீயா!" என்று டெட்லெஃப் துண்டை உருவினார். "கல்லு மாதிரி உக்காந்து எல்லாரையும் ஏமாத்திட்டியே!" சிரிப்பு எழுந்து, சீக்கிரமே அடங்கியது. இர்ம்ட்ராவுட் தொலைக்காட்சியை அணைத்துவிட்டு அங்கேயே நின்றாள்.

"அந்த ரெண்டு தட்டு," என்றார் டெட்லெஃப், குரலைத் தாழ்த்தி. "டைரக்டர் சொல்லிக் கொடுத்ததா?"

"ஆமா," என்றார் வோல்க்மார். "எல்லாம் எழுதிக் கொடுத்ததுதான்."

அவர் காது மெல்லச் சிவந்தது. மேசையைச் சுற்றியிருந்த அத்தனை பேரும் அதைப் பார்த்தார்கள். கிண்டலுக்கு இதைவிட நல்ல சந்தர்ப்பம் வாய்க்காது. ஆனால் டெட்லெஃப் எழுந்து, துண்டை மறுபடி அவர் தலையைச் சுற்றிக் கட்டி, காதை மூடிவிட்டார்.

"வெளியே குளிருது," என்றார்.