ஒஷாவாவுக்குக் கொண்டுபோன பொன்னாடை

ஓர் ஆளுநர் தேர்தலைப் பார்க்க, ரொறொன்ரோவுக்குக் கிழக்கே இருக்கும் ஒஷாவாவுக்குப் போனோம் என்றால் சிரிப்பீர்கள். எங்கள் ஊருக்கு ஆளுநரைக் கொழும்பு அனுப்பும், நாங்கள் மாலை போடுவோம். என்னோடு முதியோர் இல்லத்தில் வேலை செய்யும் கிறேஸின் நாட்டில் ஆளுநரை மக்கள் வாக்களித்துத்தான் தெரிவு செய்கிறார்கள். மேற்கு ஆபிரிக்க நாடு அது. பல வருட இராணுவ ஆட்சி முடிந்து இந்த வசந்தத்தில் தேர்தல் வந்தது. கிறேஸின் அக்கா ரூத், ஒரு பள்ளிக்கூட அதிபர், அவர்களுடைய மாநிலத்தில் ஆளுநர் பதவிக்கு நின்றார். வெளிநாட்டிலிருந்து வாக்குப் போட வழியில்லை. அதனால் இங்குள்ள அந்த ஊர்க்காரர்கள் ஒஷாவாவில் ஒரு மண்டபத்தில் கூடி, வாக்கெண்ணுவதைக் கைபேசி வழியாகப் பெரிய திரையில் பார்க்க ஏற்பாடு. "நீங்களும் வாங்கோ" என்பதுபோல் கிறேஸ் ஆங்கிலத்தில் அழைத்தாள்.

சனிக்கிழமை காலை ஸ்காபரோ மோர்னிங்சைட்டிலிருந்து கிளம்பினோம். 401 நெடுஞ்சாலையில் முப்பத்தைந்து கிலோமீற்றர், நெரிசல் இல்லாவிட்டால் அரை மணித்தியாலம். என் கணவர் சிவம் பின் சீற்றில் ஒரு பையை வைத்தார். எட்டிப் பார்த்தால் பொன்னாடை! ஸ்காபரோத் தமிழன் வெறுங்கையோடு மேடைப் பக்கம் போவானா?

மண்டபத்துக்குள் நுழைந்ததும் நுழையாததுமாக, அதைக் கிறேஸின் தோளில் போர்த்திவிட்டுப் படத்துக்கு நின்றார். கிறேஸ் பொன்னாடையை மடித்து அவர் கையில் கொடுத்தாள்.

"கடைசிச் சீட்டை எண்ணும்வரை வேண்டாம். இராணுவ ஆட்சிக்கு முன் நடந்த தேர்தலில் மத்தியானமே அக்காவை வாழ்த்தினோம். பின்னேரம் வாக்குப் பெட்டியை இராணுவ முகாமுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அதோடு எல்லாம் முடிந்தது."

"எனக்கென்னப்பா தெரியும், எங்கட ஆக்கள் பொன்னாடையைக் கண்டா உடன குனிவினம்" என்று சிவம் என் காதில் முணுமுணுத்தார்.

திரையில் ரூத்தின் சொந்த ஊர்ப் பள்ளிக்கூட முற்றம். ஓர் இளம் ஆசிரியை ஒவ்வொரு வாக்குச் சீட்டாக உயர்த்திக் காட்ட, சுற்றி நின்ற சனம் சேர்ந்து எண்ணியது. அங்கே அதுதான் வழக்கமாம்: வாக்குப் போட்டவர்கள் வீட்டுக்குப் போகமாட்டார்கள், நின்று எண்ணுவார்கள். பாதியில் ஓர் இராணுவ லொறி வந்து நின்றது. பாதுகாப்புக்காக மிச்சத்தை முகாமில் எண்ணலாம் என்றார் அதிகாரி. கிறேஸ் என் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தாள்.

ஆசிரியை அடுத்த சீட்டை உயர்த்தினார். சனம் பெட்டியைச் சுற்றி நிலத்தில் உட்கார்ந்துகொண்டு இன்னும் உரக்க எண்ணியது. மண்டபத்தில் நாங்கள் எல்லோரும் எழுந்து நின்றோம். பக்கத்தில் "நூற்றிப்பத்து, நூற்றிப்பதினொண்டு" என்று தமிழில் ஒரு குரல் கேட்டது. சிவம்தான்! நானும் சேர்ந்துகொண்டேன். இராணுவத்தைக் கண்டால் ஒதுங்கி நடந்தே பழகிய எங்கள் இருவருக்கும் அன்று பெருமை தாங்கவில்லை. லொறி திரும்பிப் போனது. அந்தச் சாவடியில் ரூத் வென்றார். இரண்டு நாள் கழித்து மாநிலத்தையும் வென்றார்.

இப்படி ஓர் அழைப்பு வந்தால் தவறாமல் போங்கள். வாகனம் நிறுத்தக் காசு கேட்கமாட்டார்கள். வயிற்றைக் காலியாக வைத்திருங்கள், அவர்களுடைய தக்காளிச் சோற்றின் உறைப்பு எங்கள் வாய்க்கும் போதும். பொன்னாடையை மட்டும் எண்ணி முடியும்வரை காரிலேயே விட்டுவிடுங்கள்.

அக்காவின் பதவியேற்புக்காக ஊருக்குப் புறப்பட்ட கிறேஸ், எங்கள் வீட்டுக்கு வந்து அந்தப் பொன்னாடையைக் கேட்டு வாங்கிப்போனாள். போன கிழமை படம் அனுப்பியிருந்தாள். ஆளுநர் ரூத் தன் கையாலேயே அதைப் போர்த்துகிறார், அந்த ஆசிரியைக்கு.

சிவம் படத்தைப் பெருப்பித்துப் பெருப்பித்துப் பார்த்தார். "ரொறொன்ரோவில எத்தினை பேருக்குப் போர்த்தியிருப்பன்" என்றார். "உதுதான் சரியான தோள்."