வால் வெளியே இருந்த சுருள்

நூற்று நாற்பது ரூபாய். நான் பார்க்காத படத்துக்காக என் தலையில் விழுந்த கடன் அது. எனக்குக் கதை கட்டத் தெரியாது. நாற்பது வயதுக்கு மேல் எழுத்துக் கூட்டப் பழகியவன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

பழைய படச்சுருள்களைச் சேர்த்து வைத்து, சினிமாக்காரர்களுக்கும் டிவிக்காரர்களுக்கும் விநாடிக்கு இவ்வளவு என்று காட்சிகளைக் கொடுக்கும் இடம் எங்களுடையது. பெட்டி தூக்குவதும் சுருளைச் சுற்றி வைப்பதும் என் வேலை. படுக்கையும் அங்கேயே. எனக்கென்று வேறு யாரும் இல்லை.

சின்னக் கண்ணாடித் திரை வைத்த மேசையில் சுருளை மாட்டி, கைப்பிடியைச் சுற்றிப் படம் பார்த்து முடித்தால், படத்தின் கடைசி நுனியான வால் வெளியே வந்து நிற்கும். திரும்பச் சுற்றினால்தான் முதல் நுனியான தலை வெளியே வரும். துறைமுகத்தில் எடுத்த பழைய சுருள் ஒன்று இருந்தது. அதைத் தினமும் சாயங்காலம் தலை வெளியே வரும்படி சுற்றி வைத்தேன். காலையில் பார்த்தால் வால்.

ஏழு நாள் இப்படி.

“ராத்திரி ஓட்டிப் பாக்கறியா? தடவைக்கு இருபது ரூபா. சம்பளத்துல பிடிச்சுக்கறேன்,” என்றார் முதலாளி.

“நான் தொடவே இல்ல முதலாளி.”

“அப்ப எலி வந்து படம் பாத்துட்டுப் போச்சா? இன்னொரு தடவை நடந்தா மூட்டையக் கட்டிக்கோ.”

வேலை போனால் படுக்கவும் இடமில்லை. அன்றிரவு விளக்கை அணைத்துவிட்டு விழித்திருந்தேன்.

மணி 1.50. பழைய சுருள் பெட்டியைத் திறந்தால் வருமே, அந்தப் புளித்த நெடி. நான் எந்தப் பெட்டியையும் திறக்கவில்லை.

2.10. கிர்ர்... கிர்ர்...

மேசையின் சின்னக் கண்ணாடியில் வெளிச்சம். கப்பலிலிருந்து மூட்டை இறக்கும் ஆட்கள். தலையில் துண்டு கட்டிய ஒருவன் நின்றான். முதுகை நிமிர்த்தினான். சிரித்தான்.

நாற்காலியில் யாருமில்லை.

கைப்பிடி நின்றது. பின்னால் சுற்றியது. அவன் மறுபடி சிரித்தான்.

மறுபடி...

“இன்னும் ஒரு தடவை, தம்பி... என் கணக்குல வச்சுக்கோ.”

பெண் குரல்.

என் காதருகே.

காலையில் பார்த்ததை மட்டும் சொன்னேன். குரலைச் சொல்ல வாய் வரவில்லை. முதலாளி சிரிக்கவில்லை.

“துண்டு கட்டினவரு ஒரு அம்மாவோட புருஷன். வேற போட்டோ கிடையாது. வாரா வாரம் வந்து பாக்கும். பாதி நாள் கடன்தான். நீ சேர்றதுக்கு முந்தின மாசம் செத்துப் போச்சு.”

அந்த வாரமே ஒரு சினிமா கம்பெனி துறைமுகச் சுருளைக் கேட்டது. அவர்களுக்கு வேண்டியது பதினோரு விநாடிதான். துண்டுக்காரர் சிரிக்கும் இடம்.

“அந்தம்மா பாக்கியும் உன் நூத்தி நாப்பதும் தீர்ந்துபோச்சு,” என்றார் முதலாளி. “அவரே சம்பாதிச்சுக் கட்டிட்டாரு.”

அதற்குப் பிறகு காலையில் தலைதான் வெளியே இருக்கிறது. 2.10க்கு எனக்கு விழிப்பு மட்டும் வருகிறது. ஒரு சத்தமும் இல்லை.

ஒரு மாதம் கழித்து, மனது தாங்காமல் சொன்னேன்.

“அந்தம்மா குரல் இல்லாம ராத்திரி வெறிச்சுனு இருக்கு முதலாளி.”

அவர் என்னையே பார்த்தார்.

“குரலா? அந்தம்மா பிறவி ஊமைய்யா. இன்னும் ஒரு தடவை பாக்கணும்னா ஒரு விரலைக் காட்டும். அவ்வளவுதான்.”