பசிபிக்குக்கு இப்ப எப்படி இருக்கு?

என் தம்பியின் நிச்சயதார்த்தத்தில் பசிபிக் சமுத்திரத்தைப் பேச்சுக்கு இழுத்தவள் நான்தான். இழுக்க வேண்டிய தேவையும் இருந்தது. பதுளையில் பெண் வீட்டு முன்னறையில் இரண்டு குடும்பமும் பாயில் உட்கார்ந்து, ஐப்பசியில் ஒரு முகூர்த்தத்தைக் குறித்து முடித்திருந்தார்கள். பசறைக்கு மேலே இருக்கும் எங்கள் தோட்டத்து மைதானத்தில் பந்தல் போடுவதென்றும் முடிவாகிவிட்டது. நான் தோட்டப் பள்ளிக்கூடத்தில் புவியியல் படிப்பிக்கிறவள். அந்த வருஷம் கடல்கள் எப்படி இருக்கின்றன என்று செய்திகளில் பார்த்துக்கொண்டே இருந்தேன். ஐப்பசியில் திறந்த மைதானம் என்றதும் வாய் சும்மா இருக்கவில்லை.

"கொஞ்சம் இருங்க. இந்த வருஷம் மழை கூடுதலா இருக்கும் போல."

"ஐப்பசின்னா மழைதானே டீச்சர்," என்றார் பெண்ணின் தாய்மாமன். பதுளை பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஹார்ட்வெயார் கடை வைத்திருப்பவர். பருத்த உடம்பு, மெல்லிய குரல், எதைக் கேட்டாலும் தலையைச் சாய்த்துக் கேட்கிற பழக்கம்.

"இது வழக்கமான மழை இல்லைங்க. பசிபிக் கடல்ல வெதுவெதுப்பான தண்ணியெல்லாம் மேற்குப் பக்கமா, இந்தோனேசியாவுக்குக் கிட்ட ஒதுங்கிக் கிடக்கும். காத்து அதை அங்கேயே தள்ளி வச்சிருக்கும். சில வருஷம் காத்துக்குப் பலம் குறைஞ்சிரும். அவ்வளவுதான், அதுவரைக்கும் அடக்கமா இருந்தது ஒரேயடியா ஓடிப்போயிரும்!"

கல்யாணம் பேசுகிற வீட்டில் சொல்லக் கூடாத சொல் என்று ஒன்று உண்டென்றால் அது இதுதான். தேத்தண்ணித் தட்டோடு வந்துகொண்டிருந்த பெண் கதவடியிலேயே நின்றுவிட்டாள். அவளுடைய அப்பா தொண்டையைச் செருமிக்கொண்டு, "யாரு ஓடிப்போறது?" என்று கேட்டார்.

"தண்ணிங்க. சூடான நீரோட்டம். கிழக்கே, தென் அமெரிக்கா பக்கமா."

"அவ்வளவு தூரத்துக்கா!" என்றார் அவர். அவருக்கு இன்னும் முழுதாக நிம்மதி வரவில்லை.

அம்மா என் தொடையில் கிள்ளினாள். என் தம்பி நிலைமையைச் சீராக்கப் பார்த்தான். அவன் வீடுகளுக்கு வயரிங் செய்கிறவன். "அக்கா சொல்றது கரண்ட்டைங்க. கடலுக்குள்ள கரண்ட் ஓடும்ல, அது," என்றான்.

"கடலுக்குள்ள யாருடா கரண்ட் இழுத்தது?" என்று அம்மா அவன் பக்கம் திரும்பினாள். "நம்ம லயத்து வீடுகளுக்கே ஒழுங்கா வர்றதில்ல. மீனுக்கு எதுக்கு?"

எல்லோரும் சிரித்தார்கள், பெண்ணும் உள்ளே வந்துவிட்டாள். நான் தேத்தண்ணிக் கோப்பையை எடுத்துக்கொண்டு மூலைக்கு நகர்ந்தேன். ஆனால் தாய்மாமன் சிரிக்கவில்லை. பாயோடு பாயாக நகர்ந்து என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"டீச்சர், அந்தத் தண்ணி அங்கிட்டு ஓடினா நமக்கு எப்படி மழை?"

"சூடான தண்ணி எங்க இருக்கோ அங்கதான் ஆவி கூடுதலா எழும்பும் மாமா, மேகமும் அங்கதான் திரளும். அது இடம் மாறினா உலகத்துல காத்து ஓடுற பாதையே மாறும். ஒரு பக்கம் காயும், ஒரு பக்கம் கொட்டும். நமக்கு ஐப்பசி கார்த்திகையில கூடலாம். இந்து சமுத்திரத்துலயும் ஆப்பிரிக்கா பக்கம் இந்த வருஷம் சூடு ஏறியிருக்கு. கூடலாம்னுதான் சொல்றேன். நிச்சயமா இல்ல."

கடைசி இரண்டு வாக்கியங்கள் அவர் காதில் விழவே இல்லை. "ரெண்டு கடலுமா!" என்றார். அவருடைய கண்கள் சுவரைத் தாண்டி எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தன. எங்கே என்று பிறகு புரிந்தது. தன் கடையின் குடை அடுக்கி வைத்திருக்கும் தட்டை.

அதற்குப் பிறகு அவர் எனக்கு அடிக்கடி போன் எடுக்க ஆரம்பித்தார். அது பெரும்பாலும் இடைவேளை நேரமாக இருக்கும், ஆசிரியர் அறையில் எல்லோரும் இருப்பார்கள்.

"டீச்சர், பசிபிக்குக்கு இப்ப எப்படி இருக்கு?"

"அப்படியேதான் இருக்கு மாமா. சூடு இன்னும் குறையல."

"குறையலையே? நல்லது, நல்லது. ஆப்பிரிக்கா பக்கம்?"

"அங்கயும் ஏறியிருக்கு."

"சந்தோஷம் டீச்சர். ஏதாவதுன்னா உடனே சொல்லுங்க. எந்த நேரமும் எடுக்கலாம்."

பக்கத்து மேசையில் இருந்த கணித டீச்சர் பல நாள் பொறுத்துப் பார்த்துவிட்டு, "யாருக்கு இவ்வளவு நாளாக் காய்ச்சல்? ஆஸ்பத்திரியில காட்டலையா?" என்று கேட்டார். நான் கடலுக்கு என்றேன். அவர் என் கையைப் பிடித்து நெற்றியைத் தொட்டுப் பார்த்தார்.

தாய்மாமன் கொழும்பிலிருந்து குடையும் தறப்பாளும் முழங்கால் வரை வரும் சப்பாத்துகளும் லொறியில் இறக்கினார் என்று தம்பி வந்து சொன்னான். வயரிங் சாமான் வாங்கப் போனவனுக்கு வயர் இருந்த இடம் தெரியவில்லையாம். எங்கு பார்த்தாலும் குடையாம். கடை வாசலில், 'ரெண்டு கடல் மழை வருது' என்று ஒரு அட்டை தொங்கியதாம்.

மழை மட்டும் வரவில்லை. வறண்ட கச்சான் காற்று போவேனா என்று அடித்துக்கொண்டிருந்தது. ரோட்டுப் புழுதி தேயிலைச் செடியில் படிந்து கொழுந்தே செம்பட்டையாகத் தெரிந்தது. நாங்கள் தண்ணீர் பிடிக்கும் பீலியில் நூலாகத்தான் வந்தது. காலையில் வேலைக்குப் பேர் கொடுக்கப் பெரட்டுக்குப் போகிற பெண்கள் என்னைக் கண்டால் நிற்காமல் போவதில்லை.

"என்னா டீச்சர், ஒங்க கடலு இன்னும் மொனராகலையில பஸ்ஸுக்கு நிக்குதா?"

"அதுக்கு சீட் கெடைக்கலயாம்டி. அடுத்த பஸ்ஸுல வரும்."

பள்ளிக்கூடத்திலும் நிம்மதி இல்லை. தவணைப் பரீட்சையில் 'வெப்ப நீரோட்டத்தால் ஏற்படும் விளைவு ஒன்று தருக' என்று கேட்டிருந்தேன். நன்றாகப் படிக்கிற மாணவி ஒருத்தி, 'பதுளையில் குடை மலிவாகக் கிடைக்கும்' என்று எழுதியிருந்தாள். பொருளாதார விளைவு என்று எடுத்துக்கொண்டு அரைப் புள்ளி போட்டேன்.

வெப்பமான கடல் நாள் குறித்துக் கொடுத்து மழை அனுப்புவதில்லை, மழைக்கான வாய்ப்பைக் கூட்டுகிறது, காற்று திரும்ப வேண்டும், அதற்கும் காலம் வேண்டும் என்றெல்லாம் கடைத்தெருவில் நின்று விளக்கினேன். வெயிலில் நின்று மழையைப் பற்றி விளக்குகிறவளை எவ்வளவு நேரம் கேட்பார்கள்?

கல்யாணத்துக்கு முதல் நாள் தாய்மாமன் லொறியில் வந்து இறங்கினார். எங்கள் பக்கத்தில் வழக்கமாகப் போடும் தகரப் பந்தலை அவர் ஏற்றுக்கொள்ளவில்லை. மைதானத்தின் ஒரு கோடியிலிருந்து மறு கோடிக்கு நீலத் தறப்பாளை இழுத்துக் கட்டினார். பக்கங்களையும் தரை வரைக்கும் மூடினார். சமையல் அடுப்புகளையும் விடவில்லை, "சோத்துல மழை விழுந்தா என்னா செய்றது?" என்று அதே கூரைக்குள் கொண்டு வந்தார். கல்யாண மாப்பிள்ளையான என் தம்பி, சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு ஏணியில் ஏறி உள்ளே பல்ப் மாட்டினான்.

அம்மா உள்ளே நுழைந்து சுற்றிப் பார்த்தாள். எல்லாம் நீலம். மனிதர்களின் பல்கூட நீலம். "இது என்னா கல்யாணப் பந்தலா, மீன் தொட்டியா?" என்றாள்.

விடிந்தபோது வானத்தில் ஒரு துண்டு மேகம் இல்லை. நல்ல குளிர். பேசினால் வாயிலிருந்து புகை வந்தது. பதுளையிலிருந்து பெண் வீட்டார் வந்து இறங்கி ஒரு பக்கம் உட்கார்ந்தார்கள், எங்கள் சொந்தக்காரர்கள் மறுபக்கம். பெண் வீட்டார் பக்கத்துக் கோடியில் பெரிய அண்டாக்களில் சோறு கொதித்தது. ஐயர் மந்திரம் சொல்ல ஆரம்பித்தார். நாதஸ்வரமும் தவிலும் சூடு பிடித்த நேரத்தில், தவில்காரரின் வழுக்கைத் தலையில் ஒரு சொட்டு விழுந்தது.

அவர் மேலே பார்த்தார். நெற்றியில் இன்னொரு சொட்டு. பெண்ணின் அத்தை தன் பட்டுச் சேலையைப் பார்த்தார். புள்ளி புள்ளியாக நனைந்திருந்தது. அப்புறம் நாலா பக்கமும் சொட்டச் சொட்ட, "மழை, மழை!" என்று சத்தம் எழும்பியது.

தாய்மாமன் மேடையில் எழுந்து இரண்டு கையையும் விரித்தார். அவர் முகத்தில் அப்படி ஒரு ஒளி. "வந்திருச்சு! டீச்சர், வந்திருச்சு!"

அவர் லொறியில் கொண்டு வந்திருந்த குடைப் பெட்டிகள் உடைந்தன. கண்ணை மூடித் திறப்பதற்குள் பந்தல் முழுக்கக் கறுப்புக் குடைகள். ஐயருக்கு ஒருவர் குடை பிடித்தார். ஓம குண்டத்துக்கு இன்னொருவர் பிடித்தார். புகை போக வழியில்லாமல் குடைக்குள்ளேயே சுழன்று ஐயர் முகத்துக்கு வந்தது. அவர் இருமி இருமி மந்திரம் சொல்ல, என் தம்பி குடைக் கம்பிகளுக்கு நடுவே கையை நுழைத்துத் தாலியைக் கட்டினான்.

"கட்டியாச்சா?" என்று குடைக்குள்ளிருந்து பெண்ணின் குரல் கேட்டது. "கட்டியாச்சுன்னா குடையைக் கொஞ்சம் தூக்குங்க. போட்டோக்காரர் என் மூஞ்சியத் தேடுறாரு."

எனக்குப் பெருமையாக இருந்தது, மறைக்க மாட்டேன். என்னைக் கிண்டல் செய்த பெண்களுக்கு என் மழையைக் காட்டலாம் என்று தறப்பாளை விலக்கி வெளியே எட்டிப் பார்த்தேன். நமுனுகுல மலை பளிச்சென்று தெரிந்தது. மைதானத்தில் வெயில். ஒரு நாய் அதில் மல்லாந்து படுத்திருந்தது.

திரும்பி உள்ளே பார்த்தேன். அண்டாக்களிலிருந்து ஆவி தூணாக எழும்பிக் கூரைக்குக் கீழே பரவிக்கொண்டிருந்தது. தறப்பாளின் உள்பக்கம் முழுக்க முத்து முத்தாகத் தண்ணீர்.

தாய்மாமனிடம் போய்ச் சொன்னேன். "மாமா, இது கடல் மழை இல்ல. சோத்து மழை."

"என்னது?"

"அண்டாவுல தண்ணி கொதிக்குது. ஆவி மேல போகுது. தறப்பாளு ராவெல்லாம் குளிர்ந்து கிடக்கு. அதுல பட்டதும் ஆவி தண்ணியாகிச் சொட்டுது. நீங்க நாலு பக்கமும் அடைச்சதால வெளிய போக வழியில்ல. பசிபிக்குல நடக்குறதும் கிட்டத்தட்ட இதுதான். அங்க கொதிக்கிறதில்ல, அவ்வளவுதான்."

அவர் முகம் வாடும் என்று நினைத்தேன். வாடவில்லை. தலையைச் சாய்த்து அண்டாவைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார், சொட்டுகிற இடத்தைப் பார்த்தார்.

"அப்ப, சூட்ட அந்தப் பக்கம் கொண்டு போனா மழையும் அந்தப் பக்கம் போகும்."

"போகும் மாமா. ஆனா..."

அவர் போய்விட்டார். சமையல்காரரிடம் என்ன சொன்னாரோ, எங்கள் சொந்தக்காரர்கள் பக்கத்துக் கோடியில், பாயாசத்துக்கென்று சும்மா கிடந்த பெரிய அடுப்புகள் எரிய ஆரம்பித்தன. அவற்றின் மேல் தண்ணீர் அண்டாக்கள் ஏறின. பெண் வீட்டார் பக்கத்து அடுப்புகள் அணைக்கப்பட்டன. சோறு எப்படியும் வெந்துவிட்டிருந்தது. கொஞ்ச நேரத்தில் பெண் வீட்டார் ஒவ்வொருவராகக் குடையை மடக்கினார்கள். எங்கள் பக்கத்தில் ஒவ்வொருவராக விரித்தார்கள். தாய்மாமன் நடுவில் நின்று இரண்டு பக்கமும் மாறி மாறிப் பார்த்து, "மாறுது டீச்சர், மாறுது!" என்று கத்தினார். இத்தனை வருஷம் படிப்பித்ததில் ஒரு பாடம் இவ்வளவு தெளிவாக ஒருவருக்கும் ஏறியதில்லை.

அம்மா நனைந்த கொண்டையோடு வந்தாள். "நம்ம ஆளுங்க மேல எதுக்குடி மழையத் திருப்பிவிட்ட?"

"நான் விடலம்மா."

"ஒனக்குத்தானே இந்தக் கரண்ட்டெல்லாம் தெரியும்!"

கடைசியில் மாலையும் கழுத்துமாக என் தம்பிதான் எழுந்து போய், பக்கவாட்டுத் தறப்பாள்களின் கயிறுகளை அவிழ்த்துவிட்டான். காற்று உள்ளே புகுந்ததும் சொட்டுவது நின்றது. வெயிலில் சேலையைக் காய வைத்துக்கொண்டே எல்லோரும் சாப்பிட்டார்கள்.

உண்மையான மழை அடுத்த வாரம் வந்தது. அதைப் பற்றிச் சிரித்துப் பேச முடியாது. எங்கள் லயங்கள் மலைச்சரிவில் இருப்பவை. விடாமல் பெய்தால் பின்னால் இருக்கும் மண் என்ன செய்யும் என்று ஒவ்வொரு வீட்டுக்கும் தெரியும். மேல் லயத்துக்காரர்கள் சட்டி பானையோடு பள்ளிக்கூடத்துக்கு வந்தார்கள். மைதானத்தில் கிடந்த நீலத் தறப்பாள்கள் ஒழுகுகிற வகுப்பறைகளின் மேல் ஏறின. மிச்சம் இருந்ததையும் கொடுக்க வேண்டுமென்று தாய்மாமன் லொறியைக் கொண்டு வந்தார். அவர் வந்த பிறகு பசறை ரோட்டில் மண் சரிந்து, திரும்பிப் போக வழியில்லாமல் போனது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. அவர் எங்கள் வீட்டில் தங்கினார்.

அம்மா சுட்ட ரொட்டியைத் தின்றுகொண்டு அவர் சும்மா இருக்கவில்லை. பகலில் பள்ளிக்கூடத்துக்கு என்னோடு வந்துவிடுவார். வகுப்பறைகளில் குடும்பங்கள் இருந்ததால் நான் மண்டபத்தின் ஒரு மூலையில் பாடம் நடத்தினேன். அவர் பின்வரிசை வாங்கில் உடம்பைத் திணித்து உட்கார்ந்து, பிள்ளைகளைப் போலவே கையைத் தூக்கிக் கேள்வி கேட்டார்.

"டீச்சர், ஓடிப்போன தண்ணி திரும்பி வருமா?"

"வரும். காத்து பழையபடி பலமாகும். தண்ணி மேற்குப் பக்கம் திரும்பும். சில தடவை அளவுக்கு மீறியே திரும்பும். அப்ப எல்லாம் தலைகீழா நடக்கும்."

"அப்ப இங்க ஐப்பசி மழை?"

"குறையலாம். தண்ணியச் சேர்த்து வைக்க வேண்டியும் வரலாம். வரலாம்னுதான் சொல்றேன் மாமா. நிச்சயமா இல்ல."

அவர் கண்கள் மறுபடியும் சுவரைத் தாண்டிப் போயின. எனக்குப் பயமாகிவிட்டது. பாக்கெட்டிலிருந்து போனை எடுத்து, கடையில் நிற்கிறவரைக் கூப்பிட்டார். தகரத்தில் மழை கொட்டுகிற சத்தத்தில் அடிவயிற்றிலிருந்து கத்தினார்.

"டேங்க்! டேங்க்! பெரிய டேங்க்!"

அந்தப் பக்கத்திலிருந்து வந்த பதில் வகுப்புக்கே கேட்டது. "ஐயோ, என்னாங்க முதலாளி, எனக்குப் போய் தேங்க்ஸ் சொல்றீங்க!" என்று சொல்லிக் கடையில் நின்றவர் போனை வைத்துவிட்டார்.