ரூடி எழுதித் தந்த உண்மை

நம்பித் தந்த கடிதத்தை நான் தபாலில் போடவில்லை. போட்டுவிட்டதாகப் பொய்யும் சொன்னேன். நீங்கள் என்ன நினைத்தாலும் சரி, முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன்.

தொண்ணூறுகளில் இங்கே சுவிட்சர்லாந்தில், ஓஸ்டர்முண்டிகனில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்தேன். ரூடி அங்கே இருந்தார். இரண்டாம் உலகப்போர் முடிந்தபின் இங்கே குடியேறிய ஜெர்மன்காரர். 'ஆமாம்' என்பதற்கு நாங்கள் சொல்லும் 'ஓம்' என்ற சொல்லை என்னிடம் பழகிக்கொண்டு டாக்டருக்கும் 'ஓம், ஓம்' என்பார்! அந்தக் குறும்புக்காரக் கிழவர்மேல் எனக்கு அவ்வளவு பாசம்.

போர்க்காலத்தில், அப்போது பரிசோதனையில் இருந்த ராக்கெட் சண்டை விமானங்களுக்கு எரிபொருள் நிரப்பியவர் அவர். இரண்டு திரவங்கள்... வெளியே ஒன்றையொன்று தொட்டாலே வெடிக்கும். ஒன்றை நிரப்பியதும் சிந்தியதைத் தண்ணீர் விட்டுக் கழுவிய பிறகே மற்றதைத் திறக்க வேண்டும். ஒருநாள் அவசரத்தில் ரூடி கழுவவில்லை. விமானம் வெடித்தது. உள்ளே இருந்த விமானி, அவருடைய நண்பர், இறந்தார். ரூடியின் கை வெந்தது. விமானியின் கவனக்குறைவு என்று பழி இறந்தவர்மேல் விழுந்தது. ரூடி வாய் திறக்கவில்லை.

கடைசிக் காலத்தில் அதையெல்லாம் எழுதி, நண்பரின் தங்கைக்கு அனுப்பச் சொல்லி என் கையில் தந்தார். வீட்டில் கணவரிடம் சொன்னேன்.

“உமக்கென்ன விசரே? எழுதிக் குடுத்த திகதி பிழைச்சுத்தானே எங்கட அகதிக் கேஸைத் தட்டினவங்கள்! அந்த மனிசனையும் மாட்டிவிடப்போறீரோ?”

அவரைக் குறை சொல்ல மாட்டேன். ஒரு தேதியைத் தவறாக எழுதியதற்கே எங்கள் அகதி விண்ணப்பத்தை நிராகரித்திருந்தார்கள். எனக்கும் அதே பயம்தான். கையெழுத்திட்ட ஒரு தாள் போதும், ரூடியைப் பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள் என்று நம்பினேன். கடிதத்தை உடுப்புகளுக்கடியில் ஒளித்தேன்.

“பதில் வந்ததா?” என்று தினமும் கேட்பார். “வரும், ரூடி” என்று தலை சீவிவிடுவேன். அது பாசம்தானா? இன்றுவரை எனக்குத் தெரியவில்லை...

ரூடி இறந்ததும் இல்லத்தார் அந்தத் தங்கைக்கும் அறிவித்தார்கள். ஊன்றுகோலோடு வந்தார். அப்போதாவது கொடுத்திருக்கலாமே என்பீர்கள். ஒளித்தது தெரிந்தால் வேலை போய்விடுமே!

அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். “என் அண்ணனின் கவனக்குறைவால்தானே ரூடியின் கை வெந்தது? மன்னிப்புக் கேட்க எனக்குத் துணிவு வரவில்லை. அவர் என் அண்ணனை மன்னித்துவிட்டாரா?”

“மன்னித்துவிட்டார்” என்றேன்.

அந்த அம்மா அழுதபடியே எனக்கு நன்றி சொன்னார்.