எச்சரிக்கையை அடக்கிய ஒரு வரி

வெள்ளிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு ரப்பர் தோட்டத்து அலுவலகத்துக்கு வேலம்மா வந்து, கணக்கு வழக்கு பார்க்கும் பெரிய கிராணி சிவானந்தத்தின் மேசைமேல் வீட்டுச் சாவியை வைத்தார்.

“சாமானெல்லாம் வெளிய எடுத்து வச்சாச்சுங்க. வேற எங்க கையெழுத்துப் போடணும்?”

கணினி வைத்திருந்த ஏர்கோன் அறைக்குள்ளிருந்த கங்கா எழுந்து வந்தாள். தோட்டத்தில் பத்து வருடம்கூட வேலை செய்யாதவர்கள் தொழிலாளர் குடியிருப்பான லயத்தைக் காலி செய்ய வேண்டும், பிற்பகல் இரண்டு மணிக்குப் புதுக் குத்தகைத் தொழிலாளர்கள் லோரியில் வந்து குடியேறுவார்கள் என்பது உத்தரவு. வேலம்மாவோ கங்காவின் அம்மாவோடு இருபத்து மூன்று வருடம் பால்மரம் வெட்டியவர்.

“பெரியம்மா, உங்க பேரு எப்படி லிஸ்ட்ல வந்துச்சு?”

“என்னையக் கேக்குறியா? உன் மிஷின்தானே அடிச்சுச்சு. மிஷின் சொன்னா சரியாத்தான் இருக்கும்னு விடியறதுக்குள்ள காலி பண்ணிட்டேன்லா.”

சிவானந்தம் சாவியை, வேலையாட்களை மேற்பார்க்கும் மண்டோர் சோமுவிடம் லயத்துக்குக் கொடுத்தனுப்பினார். அந்தப் பட்டியலை அச்சடித்தவள் கங்காதான். அதில் வெறும் தொழிலாளர் எண்கள்தான் இருந்தன. ஒரு முகமும் தெரியவில்லை.

பத்தாங் பெர்ஜுந்தாய் பக்கத்து லயத்தில் பிறந்து, கோலாலம்பூரில் கணினி படித்தவள் கங்கா. படித்தவர்கள் திரும்பாத தோட்டத்துக்கு அவள் திரும்பி வந்ததற்கு அம்மாவின் மூச்சிரைப்பு ஒரு காரணம். 1987இல் இங்கே வந்திறங்கிய யூனிக்ஸ் எந்திரம் இன்னொரு காரணம்.

நிரல் எழுதினால் ‘லிண்ட்’ போட்டுப் பார்ப்பாள். நிரலை ஓட்டாமலே, எழுதியதைப் படித்துப் பிழை சொல்லும் கருவி அது. தலைமையகம் அனுப்பும் துணைநிரல்களைப் பற்றி மட்டும் அதற்கு ஒன்றும் தெரியாது. எது எத்தனை மதிப்புகளைக் கேட்கும் என்று ஒரு நூலகக் கோப்பில் எழுதிக் கொடுக்க வேண்டும். அந்தக் கோப்பைத்தான் லிண்ட் நம்பும்.

கங்கா அந்தக் கோப்பைத் திறந்தாள். கண்ணில் பட்டது அவளே எழுதிய வரி.

ஜூன் மாதம் தலைமையகம் சேவைக் காலத்தைக் கணக்கிடும் துணைநிரலை மாற்றியது. முன்பு வேலைக்குச் சேர்ந்த தேதி மட்டும் போதும். இப்போது முடிவுத் தேதியும் வேண்டும். கங்காவின் நிரல் ஒரு தேதியை மட்டுமே கொடுத்ததால், லிண்ட் திரை நிறைய எச்சரிக்கைகளைக் கொட்டியது. திங்கட்கிழமைக்குள் நிரல் வேண்டுமென்று தோட்டத்தை நிர்வகிக்கும் துரை நெருக்கினார். பிறகு திருத்திக்கொள்ளலாம் என்று, ‘எத்தனை மதிப்பு வந்தாலும் கேட்காதே’ என்ற குறிப்பை நூலகக் கோப்பில் போட்டாள். லிண்ட் வாயை மூடிக்கொண்டது. முடிவுத் தேதி இருக்க வேண்டிய இடத்தில் கிடந்த ஏதோ குப்பை எண்ணை எடுத்து எந்திரம் கணக்குப் போட்டுவிட்டது.

குறிப்பை அழித்தாள். நாற்பத்தேழு எச்சரிக்கைகள் வந்தன. ஒவ்வொன்றாகத் திருத்திப் பட்டியலை மறுபடி எடுக்க மணி ஒன்றாகிவிட்டது. முப்பத்தொரு வீடுகள் இருந்த இடத்தில் பன்னிரண்டுதான் இருந்தன. பத்தொன்பது குடும்பங்கள் காரணமே இல்லாமல் தெருவுக்குப் போகவிருந்தன.

“மிஷின் கோளாறுன்னு சொல்லிடும்மா,” என்றார் சிவானந்தம். “உன் தலை தப்பும்.”

“மிஷின்னு சொன்னா துரை கேஎல் ஹெட் ஆபீசுக்கு எழுதுவாரு சார். பதில் வர ரெண்டு வாரம் ஆகும். லோரி ரெண்டு மணிக்கு வருது.”

“அப்ப வேலைய மறந்துடு.”

தவறு தன்னுடையது என்று எழுதிக் கையெழுத்திட்டு, புதுப் பட்டியலோடு துரையின் முன் வைத்தாள். துரை இரண்டு முறை படித்தார். பத்தொன்பது ரத்துக் கடிதங்களில் கையெழுத்திட்டார். திங்கட்கிழமை முதல் வர வேண்டாம் என்று அவளிடம் சொன்னார்.

சோமுவின் மோட்டார் சைக்கிளில் பின்னால் உட்கார்ந்து லயத்துக்குப் போனபோது மணி இரண்டே முக்கால். பத்தொன்பதில் பதினெட்டு வீடுகளில் சாமான்கள் பாதி கட்டியபடி இருந்தன. கடிதத்தைப் பார்த்ததும் மூட்டைகளை அவிழ்த்தார்கள். சாவியைக் கொடுத்திருந்தவர் வேலம்மா ஒருவர்தான். அவர் வீட்டு அடுப்பில் புகை வந்தது. உள்ளே லோரியில் வந்திறங்கிய, முன்பின் தெரியாத ஒரு பெண், இடுப்பில் குழந்தையோடு, சோறு கிண்டிக்கொண்டிருந்தாள். வெளியே வேப்பமரத்தடியில், பாத்திரங்களுக்கு நடுவே வேலம்மா உட்கார்ந்திருந்தார்.

கங்கா கடிதத்தை நீட்டினாள். வேலம்மா வாங்கி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார்.

“இத இப்ப யாருகிட்டம்மா காட்டணும்?”