பொருள், முதல், வாதம்

அம்பிகைபாகன் ஐயா ஊரின் மேற்குக் கோடியான பூன் லேயிலிருந்து வருவார். ஞாயிற்றுக்கிழமை ரயில் நெரிசலில் நின்றுகொண்டே வந்து, சிராங்கூன் ரோட்டுக் கூட்டத்தையும் தாண்டி எங்கள் மன்றத்துப் படியேறும்போது சட்டை மட்டும் கசங்காமல் இருக்கும். அது எப்படி என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. நான் அங்கே கதவைத் திறந்து, கூட்டி, டீ போடுகிறவள். தொடக்கப்பள்ளியோடு படிப்பு நின்றவள்.

அவருடைய அப்பா யாழ்ப்பாணத்திலிருந்து ரயில்வேயில் எழுத்து வேலை பார்க்கும் கிராணியாக வந்தவர். இவரும் கிராணிதான், ஜூரோங் பக்கம் ஒரு கப்பல் பட்டறையில். வேலை மலையாகக் குவிந்திருந்த ஒரு வருஷத்தில்தான் அங்கே ஆட்களை வீட்டுக்கு அனுப்பினார்களாம். வேலை இல்லாமல் அனுப்பினால் சரி, வேலை இருக்கும்போது ஏன் என்று அவருக்கு மனசு ஆறவில்லை. அந்த ஒரு கேள்விக்காகப் புத்தகத்தைத் தொட்டவர், ஓய்வு பெற்ற பிறகும் கீழே வைக்கவில்லை. மனைவி போய்ச் சேர்ந்துவிட்டார். மகள் சிவதர்ஷினி செங்காங்கில் இருக்கிறது, வங்கி வேலை. பாசமான பிள்ளை. சாப்பிட்டீர்களா அப்பா என்று தினமும் போனில் செய்தி அனுப்பும். சாப்பிட்டேன் என்று இவர் பதில் போடுவார். அதற்குமேல் இருவருக்கும் பேச்சு நீளாது.

கடவுள் இல்லை என்பவர். ஆனால் வீட்டு வழக்கம் விடவில்லை, ஆமாம் என்பதற்கு 'ஓம்' என்பார்.

"டீ குடிக்கிறீங்களா ஐயா?"

"ஓம்."

"சீனி கம்மியாவா?"

"ஓம், ஓம்."

மன்றச் செயலாளர் கோவிந்தராசு விடமாட்டார். "பாத்தீங்களா சரஸ்வதி, சாமி இல்லன்னு சொல்றவரு நம்மள விட ஜாஸ்தி மந்திரம் சொல்றாரு லா." ஐயாவும் சேர்ந்து சிரிப்பார்.

முன்பெல்லாம் மாடி அறையில் மூன்று பேர் கூடிப் படித்தார்கள். ஒருவர் இறந்துவிட்டார். இன்னொருவர் முதியோர் இல்லத்தில், வருகிறவர் யாரென்று தெரியாமல் படுத்திருக்கிறார். அதற்குப் பிறகும் ஐயா வந்தார். நாற்காலிகளை வட்டமாகப் போடுவார். கொஞ்ச நேரம் காத்திருப்பார். பிறகு தாமே சத்தமாக வாசிப்பார். முடிந்ததும் நாற்காலிகளை அடுக்கிவிட்டுப் போவார். பக்கத்து அடுப்படியில் இருக்கிற என் காதில் குரல் மட்டும் விழும். கேள்வி கேட்கிற இடம் வந்தால் நிறுத்துவார். யாரும் கேட்காததால் மறுபடி வாசிப்பார்.

ஒருநாள் கோவிந்தராசு சொல்லிவிட்டார். "தப்பா எடுத்துக்காதீங்க ஐயா, கமிட்டில கேக்குறாங்க. ஒரு ஆளுக்கு ஒரு ரூமான்னு. யோகா டீச்சர் வேற ரெடியா நிக்கிறாங்க. வர்ற ஞாயிறு ஆள் வந்தா ரூம் உங்களுக்கு. இல்லன்னா அவங்களுக்குக் குடுத்துடுவோம்."

"விஷயம் என்னன்னு சரியா அறிவிச்சா வருவாங்க," என்றார் ஐயா.

அந்த அறையை விட்டால் அவருக்கு வாய் திறந்து பேச இந்த ஊரில் வேறு இடம் கிடையாது. அது எனக்குத் தெரியும்.

'இயக்கவியல் பொருள்முதல்வாதம்' என்று எழுதிக் கொடுத்தார். கோவிந்தராசுவுக்கு அது நீளமாகப் பட்டது. முதல் வார்த்தையை எடுத்துவிட்டு, மிச்சத்தை மூன்றாகப் பிரித்து, 'பொருள் முதல் வாதம், இலவச வகுப்பு' என்று வாட்ஸ்அப்பில் போட்டார். அடியில் காசு அடுக்கின்மேல் செடி முளைக்கிற படம். கேலிக்காகச் செய்யவில்லை. பொருள் சேர்க்க முதல் போடுவது எப்படி என்ற வகுப்பு என்றே நினைத்தார். நானும் அப்படித்தான் நினைத்து, தெரிந்த பரீதா அக்காவுக்கு அதை அனுப்பினேன். அக்கா ஒரு பேரங்காடியில் காசாளராக இருந்தது. அங்கே மிஷின் வந்து வேலை போய்விட்டது. கடைசியாகக் கொடுத்த பணத்தை எதில் போடுவது என்று கேட்டுக்கொண்டே இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை அறை நிறைந்துவிட்டது. நாற்காலி போதாமல் அடுப்படி முக்காலியையும் தூக்கிக் கொடுத்தேன். ஐயா வாசலிலேயே நின்றுவிட்டார். அவர் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் முன்பு கண்டதில்லை.

முன்வரிசைப் பெரியவர்தான் முதலில் பேசினார். "தம்பி, வாதத்துக்கு எண்ணெய் ஏதாச்சும் சொல்வீங்களா? முட்டி மடக்கவே முடியல."

பின்னால் ஒருவர், "அவருக்கு வேணுங்கிறது வேற கிளாஸ் சார். நீங்க சொல்லுங்க, ஷேர் வாங்கலாமா, தங்கமா? எது சேஃப்?"

ஐயாவுக்குப் புரிந்துவிட்டது. கோவிந்தராசுவுக்கும் புரிந்து, பக்கத்தில் போய்க் குனிந்தார். "பத்து நிமிஷம் முதலீடு பத்தி எதாச்சும் பேசுங்க ஐயா. அப்புறம் மெதுவா உங்க விஷயத்துக்கு வந்துடுங்க. ரூம் நிக்கும்."

ஐயா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்ததையே மறுபடி துடைத்தார்.

"மன்னிக்கணும்," என்றார். "தலைப்பு பிரிஞ்சு வேற அர்த்தம் குடுத்துடுச்சு. இங்க முதல்னா போடற முதல் இல்ல. எது முன்னாடிங்கிற முதல். நம்ம எண்ணம் முன்னாடியா, நாம பொழைக்கிற பொழப்பு முன்னாடியா? அதைத்தான் பேசப் போறேன். காசு பெருக்குற வழி எனக்குத் தெரியாது. அதுக்காக வந்தவங்க உங்க ஞாயித்துக்கிழமைய வீணாக்க வேணாம்."

நாற்காலிகள் உரசின. பெரியவர் மட்டும் டீயைக் குடித்து முடித்துவிட்டு எழுந்தார். "படம் மட்டும் நல்லாப் போடத் தெரியுது," என்று யாரோ படியில் சொல்லிக்கொண்டு போனார்கள்.

பரீதா அக்கா மட்டும் எழுந்திருக்கவில்லை. "நான் உக்காந்துக்கிறேன். கீழ போனா பஸ்ஸுக்கு நிக்கத்தான் வேணும்."

ஐயா எதிரில் உட்கார்ந்து, பேர் என்ன, என்ன வேலை பார்த்தீர்கள் என்று கேட்டார். அக்கா சொன்னது.

"இப்ப அங்க பில் போடறது யாரு?"

"மிஷின்."

"மிஷின்ல சாமானைக் காட்டுறது யாரு?"

அக்கா யோசித்தது. "வாங்க வர்றவங்கதான்."

"உங்க வேலைய அவங்க சும்மா செய்றாங்க. சரி, உங்க மேனேஜர் கெட்டவரா?"

"ஆமா."

"நல்லவரா இருந்தாலும் அதைத்தாம்மா செஞ்சிருப்பாரு. செய்யலன்னா பக்கத்துக் கடை அவரை முழுங்கிடும். ஒவ்வொரு கடையும் ஆளைக் குறைச்சு லாபம் பாக்குது. எல்லாக் கடையும் குறைச்சா, கூடைய எடுத்துக்கிட்டு வாங்க வர்றது யாரு? வேலையாளா நீங்க வேணாம், வாங்குறவங்களா வேணும். ரெண்டும் ஒரே பரீதா. இந்த இழுப்பு வெளியிலேருந்து வரல, இந்த வியாபார முறையோட வயித்துக்குள்ளேயே இருக்கு. அந்த இழுப்புலதான் அது ஓடுது, அதுலயே முட்டிக்கவும் செய்யுது. நீங்க நினைச்சு வந்த அந்தப் போடற முதல் இருக்கே, அது பெட்டியில இருக்கிற காசு மட்டும் இல்லம்மா. உங்களுக்கும் அவங்களுக்கும் நடுவுல இருக்கிற உறவு."

எனக்கும் அது பாதி விளங்கியது. வாசலில் தட்டோடு நின்றபடியே கேட்டேன். "உங்க பேர்லயே ரெண்டும் இருக்கே ஐயா. பாதி சிவன், பாதி அம்பிகை."

"அங்க சண்டை இல்லையே தங்கச்சி. சண்டை இல்லாதது நகராது."

அக்கா பையை மடியில் இறுக்கிக்கொண்டது. "அப்ப நான் என்ன செய்யட்டும்?"

"ஏன் நடந்துச்சுன்னு சொல்லத் தெரியுது," என்றார் ஐயா. "இது ஒருத்தர் தனியா அவிழ்க்கிற முடிச்சு இல்ல. நாளைக்கு உங்களுக்குன்னு ஒரு வழி என்கிட்ட இல்லம்மா."

"மேனேஜர் மேல கோவம் கொஞ்சம் கொறஞ்சிருக்கு," என்று அக்கா எழுந்தது. "கோவம் கொறஞ்சா அடுப்பு எரியாது. வரேன் ஐயா."

அறை யோகாவுக்குப் போனது. கோவிந்தராசு கெட்ட மனிதர் இல்லை. சொல்வதற்கே கஷ்டப்பட்டார்.

அடுத்த ஞாயிறும் ஐயா வந்தார், பழக்கம்போல. மாடியில் பாய் விரித்திருந்ததைப் பார்த்துவிட்டு என்னிடம் வந்து நின்றார்.

"இங்க அடுப்படியில உக்காந்து வாசிங்க ஐயா. நான் வேலை செஞ்சுக்கிட்டே கேக்குறேன்."

"நீ அன்புக்குக் கேப்ப தங்கச்சி. மறுத்துப் பேச ஆள் வேணும். எதிர்ப் பேச்சு இல்லன்னா அது வகுப்பு இல்ல, முணுமுணுப்பு."

ஜன்னலுக்குக் கீழே தெரு நிறைய, ஞாயிறு லீவில் பிழைக்க வந்த வெளிநாட்டு வேலையாட்கள். ஊருக்குப் போன் பேசுகிறவர்கள், கோழி வாங்குகிறவர்கள், சும்மா நிற்கிறவர்கள். "இவங்கள்ட்டப் பேசலாமே," என்றேன்.

"வாரத்துல ஒரு நாள்தான் அவங்களுக்குன்னு இருக்கு. அதையும் நான் வாங்கிக்கவா?"

எனக்கு வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை. சாயங்காலம் கோயிலுக்குப் போகிறேன், உங்கள் பேரில் ஓர் அர்ச்சனை செய்கிறேன், நட்சத்திரம் என்ன என்று கேட்டேன்.

அவர் என்னையே பார்த்தார். மனைவி போனபிறகு அவர் நட்சத்திரத்தை யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

"தெரியும். ஆனா சொல்லக்கூடாதும்மா. நம்பாதவன் வாங்கிக்கிட்டா உன் அர்ச்சனைக்கு மரியாதை இல்ல."

கோப்பையைத் தாமே கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டுப் படியிறங்கினார். நான் ஜன்னலில் நின்றேன். ஒரே பக்கமாக வருகிற கூட்டத்துக்குள் அவர் மட்டும் எதிர்ப்பக்கமாக, யாரையும் இடிக்காமல் போனார். பேருந்து நிறுத்தத்தைத் தாண்டும் வரைக்கும் வெள்ளைச் சட்டை தெரிந்தது.

பக்கத்து அறையில் ஏர்கான் போட்டிருந்தார்கள். குளிர் வெளியே போகிறது, ஜன்னலைச் சாத்துங்கள் என்று யோகா டீச்சர் அங்கிருந்து குரல் கொடுத்தார். சாத்தினேன்.