எட்டும் பத்தும் ஒன்றுதான் என்று சொன்னவர்

சிவகாமி அக்கா காலமான செய்தி எனக்கு நாமக்கல் பைபாசில் ஒரு டயர்க் கடையில் நின்றுகொண்டிருந்தபோது வந்தது. ஓட்டுநர்களின் வாட்ஸப் குழுவில் யாரோ ஒரு படத்தைப் போட்டிருந்தார்கள். மாலைக்கு நடுவே அவர் முகம். அதன் கீழே, 'எங்கள் நிறுவனத்தின் கண்ணாக விளங்கியவர்' என்ற வரியும், எங்கள் பழைய முதலாளியின் பெயரும். ஆறு வருடங்களுக்கு முன் அவரை வேலைக்கு வரவேண்டாம் என்று சொல்லி அனுப்பியதும் அதே முதலாளிதான். டயர்க் கடைக்காரர் என் கைபேசியை எட்டிப் பார்த்துவிட்டு, "அட, நம்ம புயலக்காவுங்களா?" என்றார். அந்தப் பெயரை அவருக்கு வைத்தவர்கள் நாங்கள். மரியாதைக்காக வைத்த பெயர் அல்ல.

மல்லசமுத்திரத்தில் மகள் வீட்டில்தான் கடைசி இரண்டு வருடம் இருந்தார். நான் போய்ச் சேர்ந்தபோது தெருமுனை வரை லாரிகள் வரிசையாக நின்றன. லோடோடு போகிற வழியில் இறங்கி வந்து பார்த்துவிட்டுப் போனவர்கள் பலர். முதலாளி வரவில்லை, அவருடைய ஃபிளெக்ஸ் வந்திருந்தது. நான் இன்னார், அம்மாவோடு ஒரே அலுவலகத்தில் வேலை செய்தவன் என்று மகளிடம் சொன்னேன். அவர் கொஞ்சம் யோசித்தார். "அம்மா உங்களப் பத்தி ஒண்ணும் சொன்னதில்லீங்களே" என்றார். அந்த ஒரு வாக்கியம்தான் என்னை இதை எழுத உட்கார வைத்திருக்கிறது. நம் லாரித் தொழிலாளர் இதழில் ஓர் அஞ்சலி எழுதித் தரும்படி கேட்டார்கள். அவரை நன்றாக அறிந்தவன் என்று என்னிடம் கேட்டார்கள். அறிந்தவன்தான்.

என் பெயர் நல்லுசாமி. அந்த டிரான்ஸ்போர்ட் அலுவலகத்தில் லோடு மேனேஜராக இருந்தேன். சிவகாமி அக்கா தொலைபேசியும் ரசீதும் பார்த்துக்கொண்டார். சேலம் அம்மாபேட்டையில் தறிக்காரர் வீட்டில் பிறந்தவர். பத்தாம் வகுப்புப் படிப்பு. கடலை வாழ்நாளில் ஒரே ஒரு முறை, திருச்செந்தூருக்குப் போனபோது பார்த்திருந்தார். எங்கள் வண்டிகளோ பாதிக்கு மேல் கிழக்குக் கரைத் துறைமுகங்களுக்குத்தான் ஓடின. ஒரு நாள் ஒரு துறைமுக வாசலிலிருந்து ஓட்டுநர் ஒருவர் பேசினார். மூன்றாம் எண் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றியிருக்கிறார்கள், நிற்பதா கிளம்புவதா என்று கேட்டார். மூன்று என்றால் சின்ன எண்தானே, பயப்பட என்ன இருக்கிறது என்று நாங்கள் எல்லோரும் சொன்னோம். அக்கா மட்டும் தனக்குத் தெரியாது என்றார். தெரியாது என்று சொல்ல அந்த அலுவலகத்தில் அவர் ஒருவருக்குத்தான் வாய் வரும்.

அன்றே வானிலை மையத்தின் எண்ணைத் தேடிப் பிடித்துப் பேசினார். மறுமுனையில் யாரோ ஒரு நல்ல மனிதர் அரைமணி நேரம் பொறுமையாக விளக்கியிருக்கிறார். அக்கா பழைய காலண்டர் தாள்களின் பின்பக்கத்தில் எழுதிக்கொண்டார். ஒன்றும் இரண்டும் தூரக் கடலில் புயல் சின்னம் உருவானதற்கு. மூன்றும் நான்கும் துறைமுகத்துக்கே மோசமான வானிலை வரப்போவதற்கு. ஐந்து முதல் ஏழு வரை ஆபத்து, எட்டு முதல் பத்து வரை பேராபத்து. பதினொன்று என்றால் வானிலை மையத்தோடு தொடர்பே அறுந்துவிட்டது என்று பொருள். இவ்வளவையும் இன்று கைபேசியில் யாரும் தேடிப் படிக்கலாம். எங்களில் ஒருவருக்கும் தெரியாத, தெரிந்துகொள்ள விரும்பாத ஒன்றை அவர் பிடித்துக்கொண்டார். எட்டு, ஒன்பது, பத்து என்பவை ஒன்றைவிட ஒன்று பெரிய ஆபத்துகள் அல்ல. புயல் துறைமுகத்தைத் தன் இடப்பக்கம் விட்டுக் கடந்தால் எட்டு. வலப்பக்கம் விட்டுக் கடந்தால் ஒன்பது. துறைமுகத்தின் மேலேயோ ஒட்டியோ கடந்தால் பத்து. மூன்றும் ஒரே பேராபத்து. எண் சொல்வது பக்கத்தை. ஐந்து, ஆறு, ஏழுக்கும் அப்படித்தான்.

அதன் பிறகு ஓட்டுநர்கள் அவரிடம்தான் கேட்டார்கள். தாழ்வு மண்டலம், ஆழ்ந்த தாழ்வு மண்டலம், புயல், தீவிரப் புயல் என்று செய்தியில் அடுக்கும்போது, காற்றின் வேகத்தை வைத்துத்தான் அந்தப் பெயர் என்று சொல்லிக் கொடுத்தார். மணிக்கு அறுபத்திரண்டு கிலோமீட்டரைத் தொட்டால்தான் புயல். ஓட்டுநர் ஒருவர், புயலாக இன்னும் மாறவில்லையாம், போய்விடலாமா என்று கேட்டபோது அவர் சொன்ன பதில் எனக்கு நினைவிருக்கிறது. "அறுவதுல வந்தா தார்ப்பாய் கிழியாதுங்களா? அதுக்குப் பேரு வெக்கலீன்னா காத்து இல்லீன்னு ஆயிருமா?" இன்னொரு பேச்சும் அடிக்கடி வரும். சரக்கை இறக்கிவிட்டு வெறும் வண்டியாக வருகிறவர்களிடம், அதிலும் பெட்டிபோல நாலு பக்கமும் அடைத்த வண்டிக்காரர்களிடம் சொல்வார்: "காலி வண்டிக்குக் காத்துதானுங்க லோடு."

ஒரு முறை அவர் பேச்சைக் கேட்டு ஐந்து வண்டிகள் ஒரு பெட்ரோல் பங்கில் இரண்டு நாள் நின்றன. புயல் வடக்கே திரும்பிப் போய்விட்டது. அங்கே ஒரு தூறல்கூட இல்லை. முதலாளி அலுவலகத்தின் நடுவில் நின்று, அக்காவுக்கு ஒரு குடை வாங்கிக் கொடுங்கள் என்றார். நாங்கள் சிரித்தோம். புயலக்கா என்ற பெயர் அன்று வந்ததுதான். அவர் கோபப்படவில்லை. வராமல் போனதற்குச் சந்தோஷப்படவேண்டாமா என்று மட்டும் கேட்டார். மறுநாள் முதல் ஓட்டுநர்களிடம் பேசும் வேலை அவரிடமிருந்து பிடுங்கப்பட்டு எனக்குத் தரப்பட்டது. ஓட்டுநர்கள் கூப்பிட்டால் அவரிடம் கொடுக்கக் கூடாது என்பதும் உத்தரவு. எனக்கு அது பதவி உயர்வுபோல இருந்தது என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன்.

இனி செல்வராஜைப் பற்றி. எருமப்பட்டிக்காரர். நம்மில் பலர் அவரோடு வண்டி ஓட்டியிருக்கிறோம். ஆந்திரக் கரையில் ஒரு துறைமுகத்தில் சரக்கை இறக்கிவிட்டு, பெட்டி அடைத்த காலி வண்டியோடு ஊருக்கு வெளியே நின்றிருந்தார். துறைமுகத்தில் பத்தாம் எண் கூண்டு. மறுநாள் மதியம் தொலைக்காட்சியில், பத்தாம் எண் இறக்கப்பட்டு எட்டாம் எண் ஏற்றப்பட்டதாகச் சொன்னார்கள். முதலாளி எழுந்து வந்தார். குறைந்துவிட்டது, வண்டியைக் கிளப்பு, அடுத்த லோடு காத்திருக்கிறது என்றார்.

அக்கா தன் மேசையிலிருந்து எழுந்து வந்தார். அவர் அப்படி எழுந்து வந்து பேசி நான் பார்த்ததில்லை. "எட்டும் பத்தும் ஒண்ணுதானுங்க. அது பக்கம் மாறியிருக்குது. பலம் கொறையலீங்க. கடலோர ரோட்டுல காலி வண்டியக் கிளப்பாதீங்க" என்றார். முதலாளி அவரை நிதானமாகப் பார்த்துவிட்டு எங்களிடம் திரும்பி, எட்டு பெரிசா பத்து பெரிசா என்று பள்ளிக்கூடப் பிள்ளைகளிடம் கேட்பதுபோலக் கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். நானும். அக்கா சாப்பாட்டுத் தூக்கை எடுத்துக்கொண்டு பின்கட்டுக்குப் போய்விட்டார்.

நான் செல்வராஜைக் கூப்பிட்டேன். காற்று இன்னும் அடிக்கிறது என்றார். கூண்டு இறங்கிவிட்டது, கிளம்பு என்றேன். அவர் தயங்கினார். "அக்கா என்னங்க சொல்லுச்சு?" என்று கேட்டார். முதலாளி என் நாற்காலிக்குப் பின்னால் நின்றிருந்தார். நான் சொன்னேன்: "அக்காவும் போலாம்னுதான் சொல்லுச்சு."

அவ்வளவுதான். அதற்கு மேல் அவர் ஒன்றும் கேட்கவில்லை. சரிங்க என்றார். யாரும் என்னை அப்படிச் சொல்லச் சொல்லவில்லை. முதலாளிகூடச் சொல்லவில்லை. அக்கா பெயரைச் சொன்னால் செல்வராஜ் மறுபேச்சுப் பேசமாட்டார் என்று எனக்குத் தெரிந்திருந்தது. அதனால் சொன்னேன். அன்று பொழுது சாய்வதற்குள், ஒரு கழிமுகப் பாலத்தை ஏறும் இடத்தில் காற்று வண்டியைப் பக்கவாட்டில் சாய்த்துத் தள்ளியது. செல்வராஜ் உயிரோடு மீட்கப்படவில்லை.

காரியமெல்லாம் முடிந்து சில நாள் கழித்து அவர் மனைவி மல்லிகா அலுவலகத்துக்கு வந்தார். நேராக அக்காவின் மேசை முன்னால் போய் நின்றார். கிளம்புவதற்கு முன் செல்வராஜ் வீட்டுக்குப் பேசியிருக்கிறார். அக்கா போகலாம் என்று சொல்லிவிட்டதாக மனைவியிடம் சொல்லியிருக்கிறார். மல்லிகா கத்தவில்லை. "உங்க பேச்ச நம்பித்தானுங்க அவரு கௌம்புனாரு" என்றார்.

அக்காவுக்கு முதலில் புரியவில்லை. "நான் சொல்லலீங்க சாமி. போகவேண்டாம்னுதான் சொன்னேன்" என்றார். பிறகு மெல்ல என் பக்கம் திரும்பினார். ஓட்டுநர்களிடம் பேசுகிறவன் அந்த அலுவலகத்தில் நான் ஒருவன்தான் என்பது அவருக்குத் தெரியும். மல்லிகாவும் என்னைப் பார்த்தார். நான் லோடு புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருந்தேன். எந்தப் பக்கத்தைப் புரட்டினேன் என்று இன்று கேட்டாலும் சொல்லத் தெரியாது. மல்லிகா சிறிது நேரம் காத்திருந்துவிட்டுப் போய்விட்டார். அடுத்த மாதம் அக்காவை வேலைக்கு வரவேண்டாம் என்றார்கள். காரணம் கேட்டவர்களுக்கு, ஓட்டுநர்களுக்குத் தப்பும் தவறுமாக வானிலை சொல்லி ஓர் உயிரைப் பறித்துவிட்டார் என்று சொல்லப்பட்டது. உங்களில் பலர் இன்றுவரை அதை நம்புகிறீர்கள். அவர் உடலைப் பார்க்க வந்த கூட்டத்தில்கூட, நல்ல மனுசி, ஒரு தரம் தப்பாகச் சொல்லிவிட்டார் என்று ஒருவர் பேசியது என் காதில் விழுந்தது. அங்கேயும் நான் வாயைத் திறக்கவில்லை.

வேலை போன பிறகும் சில ஓட்டுநர்கள் அவருடைய கைபேசிக்குக் கூப்பிட்டார்கள். அவர் சொல்லிக்கொண்டேதான் இருந்தார். போன வருடம் ஒரு புயல் கரையைக் கடந்து, வலுவிழந்துவிட்டது என்று செய்தி சொல்லிக்கொண்டே உள்நாட்டுக்குள் வந்தது. கூண்டு ஏற்ற நமக்குத் துறைமுகமா இருக்கிறது? நான் அதற்குள் வேறு அலுவலகத்துக்கு மாறியிருந்தேன். எங்கள் வண்டிகள் இரண்டு ஆத்தூருக்கு அந்தப் பக்கம் ஓர் ஓடையை ஒட்டி நின்றிருந்தன. மழை விடவில்லை. யாரைக் கேட்பது என்று தெரியாமல், காலையில் வேறொருவர் கைபேசியை வாங்கி அக்காவைக் கூப்பிட்டேன். பெயரைச் சொல்லவில்லை. ஓட்டுநர் என்றேன். இரண்டு வார்த்தை பேசுவதற்குள் அவருக்கு ஆள் தெரிந்துவிட்டது. என் குரலைப் பதினைந்து வருடம் பக்கத்து மேசையிலிருந்து கேட்டவர்.

வைத்துவிடுவார் என்று நினைத்தேன். "வண்டி எத்தன? எங்க நிக்குது?" என்று கேட்டார். சொன்னேன். "வலுவிழந்துருச்சுன்னு சொல்றது காத்தத்தானுங்க. மழைக்கு அந்த அளவு கெடையாது. வண்டியவும் ஆளுகளையும் இப்பவே மேட்டுக்கு ஏத்தச் சொல்லுங்க" என்றார். அவ்வளவுதான், வைத்துவிட்டார். மதியத்துக்குள் வண்டிகள் நின்றிருந்த இடத்தில் ஆள் உயரத்துக்குத் தண்ணீர் ஓடியது. இரண்டு ஓட்டுநர்களும் பிழைத்தார்கள். நான் அவருக்கு நன்றி சொல்லத் திரும்பக் கூப்பிடவில்லை. நன்றி சொன்னால் மற்றதையும் சொல்லவேண்டியிருக்கும்.

அவரை எடுத்த மறுவாரம் எருமப்பட்டிக்குப் போனேன். மல்லிகா ஒரு கோழிப்பண்ணையில் வேலை செய்கிறார். முட்டைகளை அட்டையில் அடுக்கிக்கொண்டிருந்தார். நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கை நிற்கவில்லை. அந்த அட்டை நிறைந்த பிறகுதான் நிமிர்ந்தார்.

"ரெண்டு வருசத்துக்கு முன்னால அந்தம்மா எங்க ஊட்டுக்கு வந்தாங்க. நான் உள்ள கூப்புடலீங்க. வாசல்லயே நின்னாங்க. நான் சொல்லல கண்ணு, நம்புன்னு மட்டும் சொன்னாங்க. அப்பக்கூட உங்க பேர எடுக்கலீங்க" என்றார்.

அவர் இன்னொரு அட்டையை எடுத்து வைத்தார். போயிட்டு வாங்க என்று சொல்லவில்லை. போங்க என்று மட்டும் சொன்னார்.

அக்கா என் பெயரை ஏன் சொல்லவில்லை என்று பலவாறு யோசித்துவிட்டேன். சொன்னாலும் யாரும் நம்பியிருக்க மாட்டார்கள் என்பது ஒரு காரணமாக இருக்கலாம். என்றாவது நானே சொல்வேன் என்று காத்திருந்தார் என்று நினைத்துப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. அவரைப் பெரிய மனசுக்காரர் என்று புகழ்ந்து இதை முடித்தால், அந்தப் பெரிய மனசின் நிழலில் நான் இன்னொரு முறை ஒளிந்துகொண்டதாகும்.

நண்பர்களே, அவரிடமிருந்து உங்களில் ஒவ்வொருவரிடமும் ஏதோ ஒன்று இருக்கும்; அவர் நிறுத்திவைத்த ஒரு பயணமாவது இருக்கும். என்னிடம் இருப்பது அவர் சொல்லாத ஒரு வாக்கியம். அக்காவும் போலாம்னுதான் சொல்லுச்சு. அது சிவகாமி அக்கா சொன்னதல்ல. லோடு மேனேஜர் நல்லுசாமி சொன்னது. ஓட்டல்களிலும் செக்போஸ்ட்களிலும் இனி அவர் பேச்சு வரும்போது, இந்தப் பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள்.